வசந்தியின் போனில் பூட்டைக் கழற்றிய கதை

ஒழுங்கில்லாத மனிதர்கள் பிழை விட்டால் அது பாதியிலேயே நின்றுவிடும். வயர் அகப்படாது, மூக்குக்கண்ணாடி அகப்படாது, சலித்துப்போய் எழும்பிவிடுவார்கள். ஒழுங்கான மனிதன் பிழை விட்டால் அதைக் கடைசிப் படிவரை செய்து முடித்து, மேசையையும் துடைத்துவிட்டுத்தான் எழும்புவான்.

நான் ஒழுங்கானவன். அலுவலகத்தில் கோப்புகளுக்குப் பொறுப்பாக இருக்கிறேன். வீட்டில் மின்குமிழ் மாற்றினாலும் அது என் நாட்குறிப்பில் இருக்கும். (எரிந்துபோவதற்கு முன்பே மாற்றிவிடுவேன் என்று என் மனைவி சொல்லித் திரிகிறாள். மிகைப்படுத்தல். ஒருமுறைதான் அப்படி நடந்தது.)

மனைவியின் பெயர் வசந்தி. கலியாண வீடுகளுக்குப் பலகாரம் செய்து கொடுக்கிறாள். அமிர்தகழியில் எங்கள் வளவுக்குள் நுழைந்தால் முதலில் வருவது எண்ணெய் மணம், பிறகுதான் நாங்கள். பயத்தம் பணியாரம், அரியதரம், கொக்கிஸ், முறுக்கு எல்லாவற்றுக்கும் ஓடர் அவளுடைய போனுக்குக் குரல் செய்தியாக வரும். கை முழுக்க மா இருப்பதால் மடக்கிய விரல் முட்டியால் தட்டிக் கேட்பாள். மறந்துபோனால் திரும்பவும் தட்டிக் கேட்பாள். ஒன்றையும் எழுதி வைப்பதில்லை.

"ஒரு கொப்பியில எழுதி வைச்சா என்ன?" என்று நான் பலமுறை கேட்டிருக்கிறேன்.

"அவங்கட வாயாலயே சொன்னது போனுக்குள்ள கிடக்கு. மறுகா நான் என்னத்துக்கு எழுத?"

அதில் பிழை கண்டுபிடிக்க முடியாது. அந்தப் போனை நான் தொடாதவரைக்கும்.

போன் பழையது. செய்தவர்களே அதைக் கைவிட்டுவிட்டார்கள்; புதிய மென்பொருள் எதுவும் வருவதில்லை. ஒரு குரல் செய்தியைத் தட்டினால் அது யோசித்து யோசித்துத்தான் வாயைத் திறக்கும். புதிதாக ஒன்று வாங்கலாம் என்றாள் வசந்தி. பழுதில்லாத பொருளை மாற்றுவது எனக்கு ஒத்துவராது (மின்குமிழ் வேறு விடயம்). எனவே இணையத்தில் தேடினேன். இந்த மாதிரிக் கைவிடப்பட்ட அன்ட்ரொயிட் போன்களுக்கு வெளியாட்கள் தயாரித்த புதிய மென்பொருளை ஏற்றலாம் என்று யாரோ ஒரு புண்ணியவான் ஆங்கிலத்தில் படிப்படியாக எழுதி வைத்திருந்தார்.

அவர் சொன்னதன் சாரம் இது. போனுக்குள் இரண்டு காவல்கள் இருக்கின்றன. ஒன்று, உள்ளே சேர்வதையெல்லாம் மறைகுறியாக்கி எழுதிவைக்கும். திருடியவன் போனைப் பிளந்து பார்த்தாலும் அவனுக்கு ஒரு சொல்லும் விளங்காது. மற்றது, ஒவ்வொரு முறை எழும்பும்போதும் தன்னைத்தானே பரிசோதிக்கும்: செய்தவர்கள் வைத்தது வைத்தபடி இருக்கிறதா, யாராவது கைவைத்தார்களா என்று. கைவைத்தது தெரிந்தால் எழும்பமாட்டேன் என்று படுத்துவிடும். ஆகவே புதிய மென்பொருள் ஏறவேண்டுமானால் இரண்டு காவலையும் நீக்கவேண்டும். நீக்கும்போது உள்ளே இருப்பதெல்லாம் அழியும். முதலில் பிரதி எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

காவலை நீக்குவதில் எனக்கு ஒரு தயக்கமும் இருக்கவில்லை. எங்கள் அலுவலகத்தில் ஓர் இரும்பு அலுமாரி இருக்கிறது. அதற்குள் இருப்பதைப் படிக்கும் நேரத்தைவிட அதன் சாவி யாரிடம் என்று தேடும் நேரம் அதிகம். பலகார ஓடருக்கு எதற்குப் பூட்டு? இன்ன கலியாணத்துக்கு இத்தனை முறுக்கு என்று தெரிந்துகொண்டு எந்த எதிரி என்ன செய்துவிடப் போகிறான்? பூட்டைக் கழற்றினால் போன் வேகமாகவும் ஓடும் என்று இன்னொருவர் கீழே எழுதியிருந்தார். அத்தோடு முடிவெடுத்துவிட்டேன்.

நாள் குறித்ததுதான் என் திறமையின் உச்சம். ஆடி மாதத்தில் எங்கள் பக்கம் யாரும் கலியாணம் வைப்பதில்லை. வசந்திக்கு அடுப்பு வேலை இல்லை. ஆகவே போனுக்கும் வேலை இல்லை என்று கணித்தேன். ஆடியில் கலியாணம் இல்லாததால்தான் ஆவணிக் கலியாணங்களுக்கெல்லாம் ஆடியில் ஓடர் குவியும் என்பது, அந்த ஓடர்களைச் சாப்பாட்டு மேசையிலிருந்தே கேட்டுக்கொண்டிருந்த எனக்குத் தோன்றவில்லை. வருடம் முழுவதிலும் அந்தப் போன் ஆக நிறைந்திருக்கும் மாதத்தைத் தேடி எடுத்திருக்கிறேன்.

மாமாங்கேஸ்வரர் தீர்த்தத்தன்று வசந்தி தன் அக்காவோடு கோயிலுக்குப் புறப்பட்டாள்.

"சனத்துக்குள்ள போனை அடிச்சிருவாங்க. இஞ்ச வைச்சிற்றுப் போறன். கவனமாப் பாத்துக்கொள்ளுங்க," என்றாள்.

"ஒருக்காத் துப்புரவாக்கி வைக்கிறன்," என்றேன். அவள் துணியால் துடைப்பதாக நினைத்திருக்கிறாள்.

புண்ணியவான் சொன்னபடி முதலில் பிரதி எடுத்தேன். குரல் செய்திகள், பெயர்கள், தொலைபேசி எண்கள் எல்லாவற்றையும் போனில் செருகியிருந்த மெமரி காட்டுக்குள், அந்த நகமளவு நினைவக அட்டைக்குள், ஒழுங்காக அடுக்கினேன். (இணையத்தில் பிரதி வைக்கும் வசதியும் அந்தப் போனில் இருந்தது. நம் விடயங்கள் எதற்கு எங்கேயோ கிடக்கவேண்டும் என்று அதை முன்பே நான்தான் நிறுத்தியிருந்தேன்.) காட்டைக் கழற்றி, கடித உறையில் போட்டு, 'பத்திரம்' என்று எழுதி, மேசை லாச்சிக்குள் வைத்தேன். பிறகு போனை மடிக்கணினியில் செருகி வேலையைத் தொடங்கினேன். எல்லாவற்றையும் அழிக்கச் சம்மதமானால் 'ஆம்' என்று தட்டச்சுச் செய் என்று ஓரிடத்தில் ஆங்கிலத்தில் கேட்டது. எந்த அலுவலகம் இவ்வளவு தெளிவாக எழுத்தில் சம்மதம் கேட்கிறது? மகிழ்ச்சியோடு எழுதிக்கொடுத்தேன்.

எல்லாம் சொன்னபடியே நடந்தது. காவல் நீங்கியது, புதிய மென்பொருள் ஏறியது, போன் புதுப்பெண் மாதிரி எழும்பியது. எழும்புவதற்கு முன் கறுப்புத் திரையில் ஒரு வாசகம் வந்து நின்றது. இந்தச் சாதனத்தின் பூட்டு நீக்கப்பட்டுள்ளது, இதை நம்பமுடியாது என்பது அதன் பொருள். பரிசோதனையை நிறுத்தியவர்களுக்கு ஒவ்வொரு முறையும் இப்படி வருமாம்.

ஈரத் தலையும் திருநீறுமாக வசந்தி வந்தாள். போனை அணைத்து, திரும்ப எழுப்பிக் காட்டினேன்.

"இதென்ன எழுத்து? என்ன சொல்லுது?"

"ஒண்டுமில்ல. வணக்கம் சொல்லுது."

பின்னால் வந்தவர் தேவராசா அண்ணன். வசந்தியின் அக்காவின் கணவர், அதாவது என் சகலன். எங்கள் பக்கத்தில் பெண்ணுக்குத்தான் வீடு. சகோதரிகள் ஒரே வளவுக்குள் இருப்பார்கள். ஆகவே சகலன்மார் ஒருவர் மானம் போவதை மற்றவர் மதிலுக்கு மேலால் எட்டிப் பார்க்க வேண்டியதில்லை, நேரே உள்ளே வந்து பார்க்கலாம். அண்ணன் வேன் ஓட்டுகிறவர். ஆங்கிலம் வாசிப்பார்.

"இவன நம்பாத எண்டு சொல்லுது பிள்ள," என்றார்.

"ஆர?"

"அதச் சொல்லல்ல. பக்கத்தில நிக்கிற ஆளப் பாத்து நாமதான் விளங்கிக்கொள்ளோணும்."

சிரித்துக்கொண்டே உறையைப் பிரித்து, காட்டைப் போனுக்குள் செருகினேன். 'இந்தக் காட்டை வாசிக்க முடியவில்லை, அழித்துப் புதிதாக்கவா?' என்று போன் கேட்டது. கழற்றி ஊதினேன். மீண்டும் செருகினேன். மடிக்கணினியில் செருகினேன். கணினியும் அழிக்கவா என்றுதான் கேட்டது. அன்று நான் தொட்ட எல்லாவற்றுக்கும் அழிக்கும் ஆசைதான் இருந்தது.

காரணம் பிறகு வாசித்துத் தெரிந்துகொண்டேன். முன்பொருமுறை இடம் போதவில்லை என்று அந்தக் காட்டைப் 'போனின் ஒரு பகுதியாக்கு' என்று நானே கட்டளை கொடுத்திருக்கிறேன். அப்படிச் சேர்த்த காட்டைப் போன் தன் பூட்டாலேயே பூட்டிவிடும். சாவி காட்டில் இருக்காது, போனுக்குள் இருக்கும். போனுக்குள் இருந்ததை அழிக்கச் சம்மதம் என்று நான் எழுத்தில் கொடுத்தாயிற்று. பூட்டே வேண்டாம் என்று புறப்பட்டவன், பூட்டிய பெட்டியைப் பத்திரமாக லாச்சியில் வைத்துவிட்டு உலகத்தில் இருந்த ஒரே சாவியைத் தன் கையால் உருக்கியிருக்கிறேன். (அன்றைய நாட்குறிப்பில் 'போன் வேலை நிறைவு. வெயில்.' என்று மட்டும் எழுதியிருக்கிறேன்.)

வசந்தி கத்தவில்லை. கதிரையில் உட்கார்ந்து, தலையைத் துவட்டாமல், ஞாபகத்திலிருந்து சொல்லத் தொடங்கினாள். பிந்திய முகூர்த்தங்களுக்குத் தேட நாள் இருக்கிறது; அவசரம் ஆவணி முதல் முகூர்த்தம், அதற்கு மூன்று வீடு. இரண்டு எங்கள் தெருவிலேயே, நடந்துபோய்க் கேட்டுவிடலாம். மூன்றாவது, வாவிக்கு அக்கரையில், படுவான்கரையில் ஒரு வீடு. பெண்ணின் தாய் பேசி அனுப்பியிருந்தாள். ஊர் உன்னிச்சைப் பக்கமாம். பெயர் ஞாபகமில்லை. என்னென்ன, எவ்வளவு என்பதும் இல்லை.

"அவங்களா எடுத்துக் கேப்பாங்கதானே?" என்றேன்.

"என்னத்துக்குக் கேக்க? நான் ஓம் எண்டு சொல்லியாச்சு. நாள் வர வந்து நிப்பாங்க."

"ஓடர் அழிஞ்சிட்டுது, திரும்பச் சொல்லுங்க எண்டு..."

"ஆருக்குச் சொல்ல? நம்பர் கிடக்கா?" என்றவள், ஈரத் தலையை அள்ளி முடிந்துகொண்டு சொன்னாள்: "இஞ்ச பாருங்க, மாப்பிள்ளப் பகுதி வாற நேரம் என்னால ஒரு கலியாண வீடு வெறுந்தட்டோட நிண்டுதெண்டா, மறுகா நான் இந்த அடுப்ப மூட்டமாட்டன்."

அவள் விளையாட்டுக்குச் சொல்லவில்லை என்பது எனக்குத் தெரியும். அந்த அடுப்பு அவளே கட்டி எழுப்பியது. அதில் எனக்கு ஒரு பங்கும் இல்லை, அணைப்பதைத் தவிர.

வீட்டைத் தேடிப் பிடிப்பதென்று முடிவாயிற்று. ஓடர் தொலைந்த செய்தி மட்டும் வெளியே போகக்கூடாது என்பது வசந்தியின் கட்டளை. போனில் வந்ததையே காக்கத் தெரியாதவள் என்று பேர் வந்தால் அதுவும் அடுப்பை அணைத்தமாதிரித்தான். ஆகவே சாடையாகக் கேட்கவேண்டும். கேட்கும் வசனத்தை நான்தான் தயாரித்தேன்: 'பலகாரம் எப்ப கொண்டுவாறது எண்டு கேட்டுப் போக வந்தம்.' ஓடர் கொடுத்த வீடு நாளைச் சொல்லும். கொடுக்காத வீடு, எந்தப் பலகாரம் என்று கேட்கும். இதைவிடத் துல்லியமான பரிசோதனை இருக்கமுடியாது என்று நம்பினேன்.

அண்ணனை மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு பாலத்தைக் கடந்தேன். சிறுபோக அறுவடை முடிந்த வயல்வட்டை முழுக்க அறுத்த நெல்லின் ஒட்டுத்தாள் மட்டும் நின்றது. கலியாண வீடுகளைக் கண்டுபிடிப்பது கஷ்டமில்லை: புதுச் சுண்ணாம்பு, முற்றத்தில் குவித்த பந்தல் கம்புகள், கிடுகு.

முதல் வீட்டில் ஒருவர் கம்பு நட்டுக்கொண்டிருந்தார். வசனத்தைச் சொன்னேன்.

"ஓ, கொண்டு வாங்க, கொண்டு வாங்க! முதல் நாள் கொண்டுவந்தாச் சரி."

"எல்லாம் பேசினபடிதானே?"

"அது உங்கட விருப்பம் தம்பி. அதில நாங்க என்ன சொல்ல?"

வாடிக்கையாளருக்கு வசந்தியின்மேல் இவ்வளவு நம்பிக்கையா என்று நெகிழ்ந்துபோனேன்.

"கிடைச்சிட்டுது தம்பி. மோட்டார் சைக்கிளத் திருப்பு, வீட்ட போவம்," என்றார் அண்ணன்.

"ஒருக்காச் சரிபார்க்கவேணும்," என்றேன். போனின் பரிசோதனையைத்தான் நிறுத்தியிருந்தேன்; என்னுடையது ஓடிக்கொண்டேயிருந்தது.

அடுத்த வீட்டில் வசனத்தைச் சொல்லி முடிப்பதற்குள் ஒரு பெண் உள்ளே திரும்பிக் கூப்பிட்டாள்: "இஞ்ச வாகா, நமக்குப் பலகாரம் கொண்டுவாறாங்களாம்! தேத்தண்ணி போடு!"

தேநீர் வந்தது. என் கணக்கில் ஓம் என்ற வீடு இரண்டாயிற்று. மூன்றாவது வீட்டில் ஒரு பெரியவர் எங்கள் இருவரையும் கையைப் பிடித்து உட்கார வைத்தார்.

"மாப்பிள்ளப் பகுதியா?"

"இல்ல ஐயா, பலகாரம் விசயமா..."

"ஆராயிருந்தா என்ன! பலகாரம் கொண்டுவாற ஆக்கள் சாப்பிடாமப் போறதா?"

இறால் குழம்போடு சோறு போட்டார்கள். மறுக்கக் கூடாதென்று அண்ணன் இரண்டுமுறை வாங்கிச் சாப்பிட்டார்.

நான்காவது வீட்டில்தான் எனக்கு விளங்கத் தொடங்கியது. பெண்ணின் தாய், நல்ல உயரமான மனுசி, "கட்டாயம் கொண்டு வாங்க" என்று சொல்லிவிட்டு, என்னை ஏற இறங்கப் பார்த்தாள்.

"அது சரி, நீங்க எங்களுக்கு என்ன முறை? நமக்கு ஞாபகம் வருகுதில்ல. என்ன குடி நீங்க?"

எங்கள் பக்கத்தில் தாய்வழியே வரும் குடியைக் கேட்டுத்தான் ஒருவரை எந்த இடத்தில் வைப்பதென்று முடிவுசெய்வார்கள். நான் வாயைத் திறப்பதற்குள் அண்ணன் முந்திக்கொண்டார்.

"எல்லாம் நம்மட ஆக்கள்தான் அக்கா. விரிச்சுப் பாத்தாக் கிட்டத்துச் சொந்தம்."

"நானும் நினைச்சன்," என்றாள் அவள்.

வசந்தியிடம் அறிக்கை கொடுத்தேன். சென்ற வீடு நான்கு, ஓம் என்றது நான்கு. அவள் தலையில் அடித்துக்கொண்டாள்.

"கலியாண வீட்டில போய் நிண்டு, பலகாரம் கொண்டுவரட்டா எண்டு கேட்டா, வேண்டாம் எண்டு சொல்ல ஆருக்கு வாய் வரும்?"

சொந்தக்காரர் கலியாண வீட்டுக்குப் பலகாரம் கொண்டுபோய்க் கொடுப்பது எங்கள் வழக்கம். எனக்கும் தெரிந்த வழக்கம்தான். என் வசனம், வீட்டுக்கு வீடு அன்பளிப்பை அறிவித்துவிட்டு வந்திருக்கிறது.

"இதில ஒண்டு உண்மையான வீடாயிருக்கும்," என்றேன், குரல் எனக்கே கேட்காமல்.

"எது?"

தெரியாதபடியால் நான்கு வீட்டுக்கும் எல்லா வகையிலும் உத்தேச அளவில் செய்வதென்று முடிவாயிற்று. அலுவலகத்தில் விடுமுறை எழுதிக்கொடுத்தேன். காரணம் 'குடும்ப அலுவல்'. என்னிடம் முறுக்கு உரலைக் கொடுத்து இருத்தினார்கள். அந்தப் பிடியை அழுத்தி அழுத்தி உள்ளங்கை கொப்பளித்தது. வசந்தியின் அக்கா அரியதரத்துக்கு மாப் பிசைந்தபடி, "முறுக்கெல்லாம் ஒரே அளவா வருகுதுகா. அளந்து பிழியிறார்போல," என்றாள். உண்மையில் அளந்துதான் பிழிந்தேன். வேறு எதையும் அளக்க அன்று எனக்கு உரிமை இருக்கவில்லை. வசந்தி அடுப்படியில் நின்றாள். வீதியில் வாகனச் சத்தம் கேட்கும்போதெல்லாம் கரண்டியை நிறுத்தி வாசலைப் பார்த்தாள்.

முகூர்த்தத்துக்கு முதல் நாள் காலை ஒரு வேன் வந்து நின்றது. அந்த நான்கு வீட்டிலும் நான் காணாத ஒரு பெண் இறங்கினாள்.

"வசந்தியக்கா, நம்மட சாமான் எல்லாம் ரெடியா?"

ஐந்தாவது வீடு. என் பரிசோதனைக்குள் அகப்படாமலே இருந்த வீடு.

வசந்தியின் முகத்தில் ஒரு சலனமும் இல்லை. "ரெடி. ஒண்டொண்டாச் சொல்லுங்க, உங்களுக்கு முன்னாலேயே எடுத்து வைக்கிறன். மறுகா பிழ வரப்படாது," என்றாள்.

"போன்ல சொன்னதுதானேக்கா..."

"உங்கட வாயால சொல்லுங்க."

அவள் சொல்லச் சொல்ல அண்ணன் வேனில் ஏற்றினார். பயத்தம் பணியாரம் இருந்தது. அரியதரம் இருந்தது. கொக்கிஸ் சட்டியின் அடிவரை போய்ச் சரியாக முடிந்தது. நான்கு வீட்டுக்கென்று செய்திராவிட்டால் அதில் பாதிகூடத் தேறியிருக்காது. பிறகு நான் முறுக்குப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பெருமையோடு வந்தேன்.

"நாங்க முறுக்குச் சொல்லல்லயே," என்றாள் அந்தப் பெண்.

"அது நம்மட அன்பளிப்பு," என்றாள் வசந்தி, என்னைத் திரும்பிப் பாராமல்.

வேன் போனபிறகு அவள் தொப்பென்று நிலத்தில் உட்கார்ந்து, முழங்காலில் முகத்தை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருந்தாள். அழுகிறாள் என்று பக்கத்தில் போனேன். சிரித்துக்கொண்டிருந்தாள். அன்று பின்னேரம் மிஞ்சிய பலகாரத்தை நான்கு தட்டாக்கி அண்ணனின் வேனில் ஏற்றினோம். மிஞ்சியதில் முக்கால்வாசி முறுக்கு. நான்கு வீட்டிலும் எங்களை உட்கார வைத்து உபசரித்தார்கள். வெறுந்தட்டைத் திருப்பிக் கொடுக்கும் வழக்கம் யாருக்கும் இல்லாததால், எருமைத் தயிரும் வாழைக்குலையும் பச்சையரிசியுமாக வேன் நிறையத் திரும்பினோம்.

வசந்தி இப்போது புதுப் போன் வைத்திருக்கிறாள். அதன் கடவுச்சொல் எனக்குச் சொல்லப்படவில்லை. பழையது என்னிடம் இருக்கிறது. வேகமாகத்தான் ஓடுகிறது, ஆனால் வங்கிச் செயலியை ஏற்றினால், பாதுகாப்பில்லாத சாதனம் என்று அது திறக்க மறுக்கிறது. பூட்டில்லாத போன் என்பதால் அதை அலுமாரிக்குள் வைத்துப் பூட்டுகிறேன்.

ஆனால் அந்த நான்கு வீடுகள் எங்களை விடவில்லை. புதுவீடு புகுந்தால் அழைப்பு, பிள்ளை பிறந்தால் அழைப்பு, செத்தவீடென்றால் முதல் ஆளாக எங்களுக்குச் செய்தி. போகாமல் இருக்கமுடியாது; கிட்டத்துச் சொந்தமல்லவா. அண்மையில் நான்காவது வீட்டில் பேத்திக்குக் காது குத்தினார்கள். பிள்ளையை வைத்திருக்கத் தாய்மாமன் வேண்டும், அவன் கட்டாரில். அந்த உயரமான மனுசி சபையைச் சுற்றிப் பார்த்துவிட்டுப் பிள்ளையைக் கொண்டுவந்து என் மடியில் இருத்தினாள். இருத்திவிட்டு, இடுப்பில் கைவைத்துக்கொண்டு கேட்டாள்:

"இண்டைக்காவது ஒளிக்காமச் சொல்லுங்க. நீங்க எங்களுக்கு எந்த வழியில சொந்தம்? தாய் வழியா, தகப்பன் வழியா?"

நான் வசந்தியைப் பார்த்தேன்.

"போன் வழி," என்றாள் வசந்தி. பிறகு சபை நடுவே உட்கார்ந்து, தீர்த்தத்தன்று தொடங்கி முறுக்கு உரல்வரைக்கும் ஒன்றும் விடாமல் சொன்னாள். சொல்லி முடியும்வரை காது குத்த வந்தவரும் ஊசியைக் கையில் வைத்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார். சிரித்து முடித்ததும் அந்த மனுசி பிள்ளையை என் மடியிலிருந்து எடுத்துவிடுவாள் என்று நினைத்தேன். அவள் பிள்ளையின் தலையைப் பிடித்து என் நெஞ்சோடு சாய்த்தாள்.

"இறுக்கிப் பிடிங்க மாமா," என்றாள். "இதையும் கைநழுவ விட்டிராதீங்க."